நாற்பத்து மூன்றாவது ஸ்லைடு

எடுத்துக்குங்கக்கா. மைசூர்பாகுதான், காலைல கரூர் பஸ் ஸ்டாண்டுகிட்ட வாங்கினது. சக்கரையா உங்களுக்கு? அட, ஒரு துண்டுல ஒண்ணும் ஆயிராதுங்க. இல்லல்ல, அந்தப் பெட்டி வேண்டாங்க, அது கட்டின நூலோடயே இருக்கட்டும். இதுல எடுங்க. அந்தக் குக்கரை மொதல்ல கீழ வையுங்க, சேலத்துல பஸ் நிக்கற வரைக்கும் மடியிலயேவா வெச்சுக்கிட்டு வருவீங்க? நான் காலால அண்டக் குடுத்துக்கறேன், உருளாது.

எதுக்கு இனிப்புன்னு கேக்க மாட்டேங்கறீங்களே. கேளுங்கக்கா. யாராச்சும் கேக்கணும்னுதான் குடுக்கறேன்.

நான் பாஸாயிட்டேங்க.

ஏன் அப்படிப் பாக்கறீங்க? இருபத்தெட்டு வயசுல என்ன பாஸுன்னா? ஆமாங்க, மூணு வயசுல பொண்ணு இருக்கறா. நான் பி.இ. கம்ப்யூட்டர் சயின்ஸ் படிச்சவ. எல்லாப் பேப்பரையும் அப்பவே முடிச்சுட்டேன், ஒண்ணே ஒண்ணு தவிர. கம்ப்யூட்டர் நெட்வொர்க்ஸ்னு பேரு. உங்க போன்ல இருந்து உங்க பையன் போனுக்கு ஒரு போட்டோ அனுப்பறீங்கல்ல, அது எப்படித் துண்டு துண்டாப் பிரிஞ்சு, வழி கண்டுபிடிச்சுப் போயி, அங்க மறுபடி ஒண்ணு சேருதுங்கறதுதான் அந்தப் பாடம். அவ்வளவுதாங்க விஷயம். அதுல நான் ஏழு தடவை ஃபெயில்.

மொத தடவை காய்ச்சலுங்க, நூத்தி ரெண்டு. ரெண்டாவது தடவை கேள்வியே பாடத்துக்கு வெளிய. மூணாவது தடவை ரெண்டே ரெண்டு மார்க்குல போச்சு, திருத்தினவரு சரியில்லை. நாலாவது தடவை பரீட்சை வாரத்துல என்னைப் பொண்ணு பாக்க வந்துட்டாங்க. அப்புறம் கல்யாணம், அப்புறம் மசக்கை, அப்புறம் கைக்குழந்தை. ஏழாவதுக்கு என்ன காரணம்னு இப்ப ஞாபகம் இல்லை. ஏதோ ஒண்ணு. படிக்காமப் போயி உக்காரலைங்க நான், அது மட்டும் நிச்சயம்.

இதுல வம்பு என்னன்னா எங்க கல்யாணப் பத்திரிகை. எங்க பக்கம் பேருக்குப் பின்னாடி படிப்பைப் போடாம அடிக்க மாட்டாங்களே. எங்கப்பா பிரஸ்ஸுல போய் உக்காந்து "கோகிலவாணி, பி.இ."ன்னு அடிச்சுக் கட்டுக் கட்டாத் தூக்கிட்டு வந்துட்டாரு. "அப்பா, இன்னும் ஒரு பேப்பர் நிக்குதுங்க"ன்னேன். "அடுத்த தடவை பாஸாயிருவியல்ல, அதுக்குன்னு இத்தனையும் மறுபடி அடிக்கச் சொல்றியா?"ன்னாரு. அடுத்த தடவையும் ஆகலை, அதுக்கடுத்த தடவையும் ஆகலை. அப்பாவும் போயிட்டாரு. அம்மா ரொம்பக் கவலைப்பட்டுச்சுன்னு, அஞ்சாவது தடவையே பாஸாயிட்டேன்னு சொல்லி வெச்சுட்டேன்.

புகுந்த வீட்டுல யாருக்கும் தெரியாதுங்க. எங்க வீட்டுக்காரருக்கும் தெரியாது. பஸ்ஸுக்குப் பாடி கட்டற பட்டறைல பெயின்ட்டிங் வேலை பாக்கறாரு, தங்கமான மனுசன். எங்க அத்தை, அதாங்க மாமியாரு, வீட்டுக்கு வர்றவங்ககிட்ட எல்லாம் மொதல்ல சொல்றதே "மருமக இஞ்சினியரு"தான். டிவி வரலைன்னாலும் என்னைத்தான் கூப்பிடுவாங்க, பக்கத்து வீட்டுல தண்ணி மோட்டார் ஓடலைன்னாலும் என்னைத்தான் அனுப்புவாங்க. நானும் போயி அணைச்சுட்டு மறுபடி போடுவேன். பாதி நேரம் ஓடிரும்.

இதெல்லாம் தெரிஞ்ச ஒரே ஆளு ரேணுகா. ரேணுகாதேவி. ஹாஸ்டல்ல நாலு வருஷம் ஒரே ரூமு. ஒரே தட்டுல சாப்பிட்டிருக்கோம், என் சுடிதாரை அவ போடுவா, அவளோடதை நான் போடுவேன். அவ நல்லாப் படிப்பா. எம்.இ. முடிச்சுட்டு நாங்க படிச்ச காலேஜுலயே லெக்சரரா சேந்துட்டா. என்ன பாடம் எடுக்கறான்னு கேளுங்க. அதே நெட்வொர்க்ஸ்!

என்னைப் பொண்ணு பாக்க வந்தன்னிக்கு அவதான் கூட இருந்தா. எங்க அத்தை காப்பியக் குடிச்சுக்கிட்டே, "படிப்பு முடிஞ்சுதா அம்மிணி, பாக்கி கீக்கி எதுவும் இல்லையே?"ன்னு கேட்டுட்டாங்க. நான் பலகாரத் தட்டை அவங்க பக்கம் நகத்தி வெச்சேன். ரேணுகா சொன்னா, "எல்லாம் முடிஞ்சிருச்சுங்கம்மா, நாங்க ரெண்டு பேரும் ஒண்ணாத்தான் பாஸானோம்." ஒரு திக்கல் இல்லாமச் சொன்னா. ஃப்ரெண்டுன்னா அதைக்கூடச் சொல்ல மாட்டாளா, அது ஒண்ணும் பெருசு இல்லீங்க. ஆனா அவ திக்காமச் சொன்னதுதான் ஆச்சரியம்.

ஏன்னா அவளுக்குத் திக்குவாயிங்க. யாருகிட்டயும் சொல்லிராதீங்கக்கா. காலேஜுல வேலைக்கு எடுக்கும்போதுகூட எப்படியோ சமாளிச்சு மறைச்சுத்தான் சேந்தா, எங்கிட்ட மட்டும்தான் அழுதுக்கிட்டே சொன்னா. "ப"வுல ஆரம்பிக்கற வார்த்தை வந்தா போச்சு. நெட்வொர்க்ஸுல எதை எடுத்தாலும் பாக்கெட்டு பாக்கெட்டுத்தான், அவ நேரத்தைப் பாருங்க! ப... ப... ப...ன்னு நிக்கும். கண்ணை இறுக்கி மூடிக்குவா, கழுத்து ஒரு பக்கமா இப்படி இழுக்கும். இப்படி. சிரிங்கக்கா, பரவால்ல, சிரிப்பு வந்தா என்ன பண்றது. நானே சிரிச்சிருக்கேன். ஆனா ஒண்ணு, ஒன்பது வருஷமா அவ வார்த்தை எங்க சிக்கினாலும் நான்தான் எடுத்து முடிச்சுக் குடுப்பேன். வைவாவுல வெளிய இருந்து வந்த சாரு கேள்வி கேட்டா, அவ ஆரம்பிப்பா, நான் முடிப்பேன். மார்க்கு அவளுக்கு வரும்.

வேலைக்குச் சேந்த புதுசுல கடைசி பெஞ்சுப் பசங்க அவளை மாதிரியே பேசிக் காட்டினாங்களாம். எனக்குப் போன் பண்ணி ஒரே அழுகை. நான்தான் சொன்னேன், "அழாதடி லூசு. உன் வாயப் பாத்து அவனுங்க சிரிக்கறதுக்கு முன்னாடி நீயே எதையாவது சொல்லிச் சிரிக்க வெச்சுரு. நம்ம கதை எத்தனை கிடக்குது, அதை எடுத்து விடு"ன்னு. அது வேற விஷயம். எதுக்குச் சொல்ல வந்தேன்? ஆங், பிபிடி, அதாங்க அவ பாடம் எடுக்கற ஸ்லைடு.

போன ஆடில யுனிவர்சிட்டில ஒரு அறிவிப்பு விட்டாங்க. அரியர் வெச்சிருக்கற பழைய ஆளுங்களுக்கு இதுதான் கடைசி வாய்ப்பு, இத்தோட சரின்னு. இதுல போச்சுன்னா நாலு வருஷம் படிச்சதும் போச்சு, பத்திரிகைல போட்டது பொய்யாவே நின்னுரும். ரேணுகாதான் பாத்துச் சொன்னா. விண்ணப்பத்தையும் அவளே போட்டுட்டா. அவ கிளாஸ்ல சுவர்ல போட்டுக் காட்டுற ஸ்லைடு இருக்குல்ல, அதையெல்லாம் எனக்கு வாட்ஸப்புல அனுப்பினா. அஞ்சு யூனிட்டுக்கு அஞ்சு ஃபைலு. "புஸ்தகம் வேண்டாம், இதை மட்டும் படி, போதும்"னா.

எங்கெங்க உக்காந்து படிச்சேன்னு கேளுங்க. குளிக்கப் போற சாக்குல பாத்ரூம்ல, பொண்ணைத் தூங்க வெக்கற சாக்குல தொட்டிலுக்குப் பக்கத்துல. அடுப்புல சோறு கொதிக்கும், ஒரு கையில கரண்டி, ஒரு கையில போனு. அத்தை எட்டிப் பாத்தா "ஆபீஸ் வேலைங்கத்தை"ம்பேன். பெட்ஷீட் ஏத்துமதி பண்ற கம்பெனில பில்லு அடிக்கறவளுக்கு வீட்டுல என்ன வேலைன்னு அவங்க கேக்கலை. "கண்ணைக் கெடுத்துக்காத அம்மிணி"ன்னு பாலு கொண்டாந்து வெச்சுட்டுப் போவாங்க.

ஆனா அந்த ஸ்லைடு இருக்குதுங்களே, அதை மட்டும் வெச்சுப் படிக்கறது சாதாரணம் இல்லீங்க. எல்லாம் எலும்பா இருக்கும், சதையே இருக்காது. 'ஏ'ன்னு ஒரு கட்டம், 'பி'ன்னு ஒரு கட்டம், நடுவுல மூணு அம்பு. மேல "மூன்று வழிக் கைகுலுக்கல்"னு ஒரு தலைப்பு. அவ்வளவுதான். யாரு யாருக்குக் கை குடுக்கறாங்க, எதுக்குக் குடுக்கறாங்க, மூணு தடவை எதுக்கு? ஒண்ணும் இருக்காது. சொல்றவ வாயிலதானே மிச்சம் எல்லாம் இருக்குது. அதனால தினம் மத்தியானம் பன்னண்டே முக்காலுக்கு, அவளுக்குச் சாப்பாட்டு நேரம், எனக்குக் கூப்பிடுவா. ஒரு கையில சாப்பிட்டுக்கிட்டே சொல்லுவா. "நீ ஹலோன்னு சொல்றே, அவன் கேக்குது சொல்லுன்னு சொல்றான், நீ சரி சொல்றேன் கேட்டுக்கோங்கறே. இந்த மூணும் ஆனாத்தான் பேச்சே ஆரம்பிக்கும்." இப்படிச் சொன்னா ஏன் புரியாது? மத்தியானம் கேட்டதை ராத்திரி தொட்டிலை ஆட்டிக்கிட்டே நினைச்சுப் பாத்துப் பாதிப் பாடம் முடிச்சுட்டேன்.

இது என்ன ஊருங்க? நாமக்கல்லா? அதுக்குள்ளயா வந்துருச்சு. மணி என்ன? பன்னண்டுதானா. சரி சரி.

தீபாவளி லீவுக்கு யாழினி வந்தா. எங்க வீட்டுக்காரரோட சித்தப்பா பொண்ணு. அதே காலேஜுல மூணாவது வருஷம் படிக்கறா, ரேணுகாவோட கிளாஸு. நானும் ரேணுகாவும் ஃப்ரெண்டுன்னு அவளுக்குத் தெரியாது, நாங்க அதை வெளிய விடலை. எல்லாரும் சமையக்கட்டுல உக்காந்து முறுக்குச் சுத்தறோம். அத்தை, நானு, யாழினி. எங்க வீட்டுக்காரரு வாசப்படில நின்னுக்கிட்டு உடைஞ்சதை எல்லாம் எடுத்துத் தின்னுக்கிட்டு இருக்காரு. அப்ப அவ சொல்றா, "அண்ணி, எங்க நெட்வொர்க்ஸ் மேடம் செம காமெடி. அவங்க ஃப்ரெண்டு ஒருத்திங்களாம், இதே பேப்பரை ஏழு தடவை எழுதியும் பாஸாகலையாம். அனுப்பறா அனுப்பறா, அனுப்பிக்கிட்டே இருக்கா, அந்தப் பக்கம் இருந்து பதிலே இல்லைங்கறாங்க. கிளாஸே விழுந்து விழுந்து சிரிச்சுதுங்கண்ணி!"

அத்தை சிரிச்சாங்க. "ஏழு தடவையா? அதுக்கு மாடு மேய்க்கப் போயிருக்கலாம்"னாங்க. எங்க வீட்டுக்காரருக்கு முறுக்கு தொண்டைல சிக்கற அளவுக்குச் சிரிப்பு. எல்லாரும் என்னைப் பாக்கறாங்க, நான் மட்டும் சிரிக்காம இருந்தா நல்லாவா இருக்கும்? நானும் சிரிச்சேங்கக்கா. முறுக்கு அச்சை அழுத்தறேன், மாவு கோணல்மாணலா விழுகுது, சிரிச்சுக்கிட்டே இருக்கறேன். அன்னிக்கு நான் சிரிச்ச சிரிப்பை எந்த எதிரிக்கும் குடுக்கக் கூடாது.

அப்பவும் நான் அவளைச் சந்தேகப்படலை பாருங்க. ஏழு தடவை எழுதினவ நான் ஒருத்திதானா, ஊருல எத்தனையோ பேரு இருப்பாங்கன்னு என்னை நானே தேத்திக்கிட்டேன். அவளையும் ஒரு வார்த்தை கேக்கலை. பன்னண்டே முக்காலுக்குக் கூப்பிடுவா, பாடம் கேப்பேன், வெச்சுருவேன்.

பரீட்சைக்குப் பன்னண்டு நாள் இருக்கும்போது ஒரு வியாழக்கிழமை. போன்ல பாத்துப் பாத்துக் கண்ணு எரியுதுன்னு, ஆபீஸ்ல மேனேஜர் வெளிய போன நேரத்துல மூணாவது யூனிட்டைப் பிரிண்டு போட்டேன். வந்து விழுந்த தாளைப் பாத்தா, மேல பாதில ஸ்லைடு, கீழ பாதில பொடி எழுத்துல என்னமோ நிறைய. பாடம் எடுக்கறவங்க ஸ்லைடுக்கு அடியில தங்களுக்குன்னு குறிப்பு எழுதி வெச்சுக்குவாங்களாமுங்க. சுவர்ல தெரியாது, என் போன்லயும் தெரியலை. ஆபீஸ் கம்ப்யூட்டர்ல எந்தப் பொத்தான் அழுந்தி இருந்துச்சோ, எல்லாம் சேந்து வந்துருச்சு. அவ அதை எடுத்துட்டு அனுப்பணும்னு நினைக்கலை.

மொதல்ல எனக்கு எவ்வளவு சந்தோசம்ங்கறீங்க! அவ வாயில வர்ற ஒவ்வொரு வார்த்தையும் அங்க இருக்குது. "வணக்கம் சொல்லவும். மூச்சு விடவும்." "பாக்கெட் என்று ஆரம்பிக்க வேண்டாம், ஒரு பாக்கெட் என்று சொல்லவும்." "இங்கே தண்ணீர் குடிக்கவும்." திக்கக் கூடாதுன்னு ஒரு மணி நேரத்துக்குப் பேசறதை எல்லாம் முன்கூட்டியே எழுதி வெச்சிருக்கா. படிக்கப் படிக்க அவ பக்கத்துல உக்காந்து பேசற மாதிரியே இருந்துச்சு. எலும்புக்கு எல்லாம் சதை வந்துருச்சு. நாப்பத்தி ரெண்டு ஸ்லைடு வரைக்கும் எங்க ரேணுகா எங்க ரேணுகான்னு படிச்சேன்.

நாப்பத்தி மூணாவது ஸ்லைடு. தலைப்பு "மறு அனுப்புதல்". ஏ அனுப்பறான், பிகிட்ட இருந்து "வந்துருச்சு"ன்னு பதில் வரலை, ஏ மறுபடி அனுப்பறான். கீழ குறிப்பு. மனப்பாடமா இருக்குதுங்க எனக்கு, சொல்றேன் கேளுங்க. "இங்கே கோகி கதை. ஏழு தடவை எழுதினாள், ஏழு தடவையும் பதில் இல்லை. சிரிப்பார்கள். சிரித்து முடிக்கும் வரை நிற்கவும். தண்ணீர் குடிக்கவும். அவர்கள் சிரிக்கும் நேரத்தில் நாக்கு சரியாகிவிடும்."

கோகின்னு என்னைக் கூப்பிடறவ இந்த உலகத்துல அவ ஒருத்திதாங்க.

பொறுங்க. தண்ணி இருக்குதுங்களா உங்ககிட்ட? போதும், போதுங்க.

அதுக்குக் கீழ இன்னும் ரெண்டு வரி. "எட்டாவது தடவையும் அனுப்புவாள். நிறுத்தமாட்டாள். இதுதான் டிசிபி என்று சொல்லி முடிக்கவும்." டிசிபின்னா, பதில் வர்ற வரைக்கும் விடாம அனுப்பற முறைக்குப் பேரு. பாராட்டாமா இது? அறுபது பேரு முன்னாடி என் துணிய உருவிட்டு, நல்ல உடம்புன்னு சொன்னா ஆச்சா? நம்பிக் கெட்டவங்கக்கா நான். என் மானம் போறது அவளுக்குத் தண்ணி குடிக்க நேரம்!

அப்பவே மாடிப்படிக்குப் போயிக் கூப்பிட்டேன். எனக்குக் கோவம் வந்தா மட்டு மரியாதை தெரியாது. கேட்டேன், நாக்கைப் புடுங்கிக்கற மாதிரிக் கேட்டேன். "உனக்கு வாயி வராதுன்னா என்னை எதுக்குடி விக்கறே?"ன்னேன். அவ தண்ணி குடிக்கற சத்தம் கேட்டுச்சு. அப்புறம், "பேரைச் சொல்லலடி கோகி"ங்கறா. "நீ அதைப் ப... ப... பாப்பேன்னு நினைக்கலை"ங்கறா. கேட்டீங்களா கதையை? நான் பாத்ததுதான் தப்பு! அப்புறம் "ம... ம..."ன்னு ஆரம்பிச்சா. "ம"வுல அவளுக்கு எப்பவும் திக்காது, அன்னிக்குத் திக்குச்சு. ம... ம...ன்னு நிக்குது. என்ன சொல்ல வர்றான்னு சின்னக் கொழந்தைக்குக்கூடத் தெரியும். நான் எடுத்து முடிச்சுக் குடுக்கணுமா அதையும்? அவ கேக்க வேண்டிய மன்னிப்பை நானா சொல்லுவேன்? வெச்சுட்டேன்.

அடுத்த நாள் கூப்பிட்டா. கட் பண்ணிட்டேன். அப்புறமும் கூப்பிட்டா. கட்.

பரீட்சைக்குப் போனேங்க, வீட்டுல ஆபீஸ் ட்ரைனிங்குன்னு சொல்லிட்டு. கேள்வித்தாளைப் பிரிக்கறேன், பதிமூணு மார்க்குக் கேள்வில மொதலாவதே என்ன தெரியுங்களா? பதில் வராதபோது டிசிபி என்ன செய்யும், விளக்குக. அந்த ஸ்லைடு அப்படியே கண்ணு முன்னாடி வந்து நிக்குது, கீழ அந்தக் குறிப்போட. ஒரு எழுத்து மறக்கலை. பட்ட அவமானம் மறக்குமாங்க? மூணு பக்கம் எழுதினேன். பதில் வரலைன்னா கொஞ்ச நேரம் காத்திருக்கும், மறுபடி அனுப்பும். அதுக்கும் வரலைன்னா காத்திருக்கற நேரத்தை இரட்டிப்பாக்கும். ஒண்ணு, ரெண்டு, நாலு, எட்டுன்னு. எதிராளுக்குத் தொந்தரவு குடுக்கக் கூடாதாம், ஆனா விட்டுரவும் கூடாதாம். படம் போட்டு, கோடு போட்டு, அம்பு போட்டு எழுதினேன். நல்லாப் பாத்துக்குங்க, அவ சொல்லிக் குடுத்ததால பாஸாகலை நான். நான் பட்டதால பாஸானேன்.

பொங்கல் முடிஞ்ச மூணாம் நாள் ரிசல்ட்டு வந்துச்சு. பாத்ரூம்ல நின்னுக்கிட்டு போன்ல பாத்தேன். பாஸுன்னு இருக்குது. பேரைப் பாத்தேன், நம்பரைப் பாத்தேன், நாந்தான். வெளிய வந்தேன். அத்தை கொடில துணி காயப் போட்டுக்கிட்டு இருக்காங்க. அவங்ககிட்ட என்னன்னு சொல்லுவேன்? அவங்களைப் பொறுத்தவரைக்கும் நான் ஆறு வருஷத்துக்கு முன்னாடியே பாஸானவ. அம்மாவுக்குப் போன் போட்டேன், "சாப்டியா"ன்னு கேட்டுட்டு வெச்சுட்டேன். எங்க வீட்டுக்காரரு சாயங்காலம் வந்து, "என்ன இன்னிக்கு மூஞ்சி ஒரு மாதிரி இருக்குது?"ன்னாரு. தலைவலின்னேன். பாஸாயிட்டேன்னு சொல்ல எனக்கு ஒரு ஆளு இல்லைங்கக்கா. உங்ககிட்டத்தான் மொத மொதல்ல சொல்றேன்.

அன்னிக்காச்சும் அவ கூப்பிட்டிருக்கணுமா இல்லையா, நீங்களே சொல்லுங்க? என் பரீட்சை நம்பரு அவளுக்குத் தெரியும், விண்ணப்பம் போட்டதே அவதான். கூப்பிடலை. பொங்கலுக்கும் கூப்பிடலை. அவ்வளவுதான் அவ சிநேகம். நான் கட் பண்ணினேன், இல்லைங்கலை. கட் பண்ணினா விட்டுர்றதா?

மறுநாள் காலைல போனை எடுத்து அவ கூப்பிட்டதை எல்லாம் பாத்தேன். சண்டை போட்டதுக்கு அடுத்த நாள் ஒண்ணு. அதுக்கு ரெண்டு நாள் கழிச்சு ஒண்ணு. அப்புறம் நாலு நாள் கழிச்சு. அப்புறம் எட்டு. அப்புறம் பதினாறு. எல்லாமே பன்னண்டே முக்காலு. எனக்குத் தூக்கி வாரிப் போட்டுச்சுங்க. வேணும்னு பண்றாளா, தானா அப்படி அமைஞ்சுதான்னு தெரியலை. அவ அப்படிப்பட்டவதான், எதைச் செஞ்சாலும் பாடத்துல இருக்கற மாதிரிச் செய்வா. கேலண்டரை எடுத்து வெச்சு எண்ணினேன். பதினாறுக்கு அப்புறம் முப்பத்திரண்டு.

அது இன்னிக்கு.

இல்லல்ல, அதுக்காக நான் இன்னிக்குப் போகலைங்க! சர்டிபிகேட்டு வாங்கக் காலேஜுக்கு ஒரு நாள் போய்த்தானே ஆகணும், வியாழக்கிழமை லீவு கிடைச்சுது, போறேன். ஆபீஸ்ல கையெழுத்துப் போட்டு வாங்கிட்டு, வந்த வழியே திரும்பிருவேன். அவ இருக்கற மாடிப் பக்கம் தலை வெச்சுக்கூடப் பாக்க மாட்டேன். அந்தப் பெட்டியா? அது சும்மா, ரெண்டா வாங்கினேன். அவளுக்கு மைசூர்பாகுன்னா உசுரு, ஆனா அதுக்காக வாங்கலை.

நானே கூப்பிடறதா? என்னக்கா பேசறீங்க, தப்புப் பண்ணினவ அவ. ஒருத்தி நம்பிச் சொன்னதை எடுத்து, முன்னப் பின்ன தெரியாத ஆளுங்ககிட்ட சொல்லிச் சிரிக்க வெக்கறது எவ்வளவு பெரிய துரோகம்! நான் செய்வேனா அப்படி? ஏன் என்னை அப்படிப் பாக்கறீங்க?

அவ கூப்பிட்டா எடுப்பேன்னு நான் சொல்லலை. கட் பண்ணினாலும் பண்ணுவேன். ஆனா கூப்பிடணும். ஏன்னா அந்தக் குறிப்புல இன்னொண்ணும் இருக்குதுங்க, நாப்பத்தி நாலாவது ஸ்லைடுல. ஒரு அளவுக்கு மேல பதில் வரலைன்னா, அந்தப் பக்கம் ஆளே இல்லைன்னு முடிவு பண்ணி, இணைப்பை விட்டுருமாம். எத்தனை தடவைக்கு அப்புறம்னு அவ எழுதலை. இது ஆறாவது தடவை.

மணி என்னங்க இப்போ? பன்னண்டு நாப்பத்தி மூணா? அது சரியான மணிதானே? இந்த ரோட்டுல டவரு கிடைக்குதுங்களா? எனக்கு ரெண்டு கோடுதான் காட்டுது. அந்தக் கரட்டு மலைப் பக்கம் வந்தாலே இப்படித்தான். அக்கா, ஒரு உதவி பண்றீங்களா? உங்க போன்ல இருந்து எனக்கு ஒரு மிஸ்டு கால் குடுங்க. வேற ஒண்ணுக்கும் இல்லை, என் போனு அடிக்குதான்னு பாத்துக்கத்தான். சைலன்ட்டுல கிடந்தாலும் கிடக்கும். குடுங்க, நானே நம்பரைப் போட்டுத் தர்றேன். ம், அழுத்துங்க.

போகுதுங்களா?

அடிக்குது. அடிக்குதுங்கக்கா!

வெச்சுருங்க. வெச்சுருங்கக்கா, சீக்கிரம் வெச்சுருங்க. லைன் பிஸியா இருக்கக் கூடாது.